படத்தை மாட்டலாமா, கூடாதா?

பெரிய மனிதர்களின் படம் என்று பேச்சு எடுத்தாலே டி.வி.யில் நாலு பேர் உட்கார்ந்து நாற்பது நிமிடம் கத்துகிறார்கள். 2018 பிப்ரவரியில் சட்டசபையில் ஜெயலலிதா படம் திறந்தபோதும் அப்படித்தான். 2023 ஜூலையில் கோர்ட்டுகளில் அம்பேத்கர் படம் பிரச்னையானபோதும் அதே கூச்சல். எந்தக் கட்சிக்கு லாபம், எந்தக் கட்சிக்கு நஷ்டம் என்பதோடு நேரம் முடிந்துவிடும்.

அதில் நம்ம ஆலந்தூர் சம்பந்தப்பட்டது எத்தனை பேருக்கு ஞாபகம்?

கோர்ட்டுகளில் காந்தி, திருவள்ளுவர் படம் தவிர வேறு படம் கூடாது என்று சென்னை ஐகோர்ட்டு சுற்றறிக்கை அனுப்பியது. ஆலந்தூர் கோர்ட்டுக் கட்டட வாசலில் இருந்த அம்பேத்கர் படத்தை எடுக்கும்படி வக்கீல் சங்கத்திடம் சொல்ல, காஞ்சீபுரம் மாவட்ட நீதிபதிக்கு முன்பு சொல்லப்பட்டதும் அதில் இருந்தது. (ஆலந்தூர் அப்போது காஞ்சீபுரம் மாவட்டம்.) தலைவர்கள் சிலைகளைச் சேதப்படுத்துவதால் தகராறு வருகிறது என்பது அதற்குச் சொன்ன காரணம்.

இது என்ன நியாயம்? திருடன் வருவான் என்று மளிகைக்கடைக்காரர் சரக்கே வைக்காமல் இருப்பாரா? சிலையை உடைத்தவனைப் பிடிக்க வேண்டியது போலீஸ்!

ஆதம்பாக்கத்திலிருந்தும் பழவந்தாங்கலிலிருந்தும் வாய்தாவுக்கு வந்து காலையிலிருந்து கால்கடுக்க நிற்கிறார்களே, அவர்களில் பலருக்குச் சட்டம் தெரியாது. அந்தப் படத்தில் இருப்பவர் யார் என்று தெரியும். அரசியல் சட்ட வரைவுக் குழுவின் தலைவர். தீண்டாமை ஒழிக்கப்பட்டது என்று 17-வது பிரிவு சொல்கிற சட்டம் அது. 'நமக்கும் இங்கே இடம் உண்டு' என்கிற தைரியம் அந்தப் படத்தைப் பார்த்தால் வருகிறது. டி.வி. விவாதத்துக்கு இவர்களில் ஒருவரையாவது கூப்பிட்டார்களா? நாம் பார்த்தவரையில் இல்லை.

எதிர்ப்பு கிளம்பியதும் சட்ட அமைச்சர் ரகுபதி தலைமை நீதிபதியைச் சந்தித்தார். எந்தத் தலைவர் படத்தையும் அகற்ற உத்தரவிடவில்லை, இப்போதுள்ள நிலையே தொடரும் என்று தலைமை நீதிபதி சொன்னதாக அரசு அறிவித்தது. நாலு மாதம் கழித்து, 2023 நவம்பர் 26-ந் தேதி, டெல்லி சுப்ரீம் கோர்ட்டு வளாகத்திலேயே அம்பேத்கர் சிலையை ஜனாதிபதி திரௌபதி முர்மு திறந்து வைத்தார். வக்கீல் கவுன் போட்ட சிலை!

சரி, சந்தோஷம். ஆனால் கூடாது என்றது காகிதத்தில். இருக்கட்டும் என்றது வாய்வார்த்தையில். நாளைக்கு நம்ம பக்கம் இன்னொரு கோர்ட்டுக் கட்டடம் திறந்தால், அங்கே இருக்கும் அதிகாரி எதைப் பார்த்து ஆணி அடிப்பார்? ஃபைலைத்தானே புரட்டுவார்? அம்பேத்கர் படம் இருக்கலாம் என்பதையும் ஐகோர்ட்டு ஒரு சுற்றறிக்கையாக எல்லாக் கோர்ட்டுக்கும் எழுதி அனுப்பட்டும்.