பாமினியை விட்டுத் தொலைங்கப்பா!

போன வாரம் அலமாரியில் ஒரு பழைய சிடி கிடைத்தது. 2004-இல் தாத்தா தறி வேலையைப் பற்றிச் சொல்லச் சொல்ல அப்பா எழுதி, ஆரணியில் ஒரு டிடிபி சென்டரில் கொடுத்து அடித்து வாங்கிய இருபது பக்கம். பாவு, ஊடை, கோர்வை, புட்டா என்று அவர் வாழ்க்கையே அதில்தான். ஆசையாகத் திறந்தால் திரை முழுக்க ஆங்கில எழுத்துக் குப்பை! என்ன எழுத்துரு என்று கேட்க அந்தக் கடையும் இல்லை, தாத்தாவும் இல்லை.

விஷயம் இதுதான். பாமினி மாதிரி எழுத்துருவில் 'அம்மா' என்று அடித்தால் கம்ப்யூட்டர் சேமிப்பது எம், கே, அரைப்புள்ளி, கே, எச். மேலே ஒரு தமிழ்ச் சட்டை, அவ்வளவே. சட்டையைக் கழற்றினால் அம்மா காணாமல் போய்விடுவாள். கூகுளில் தேடினாலும் கிடைக்க மாட்டாள். 2010-லேயே தமிழக அரசு யூனிகோடை ஏற்று ஆணை போட்டாயிற்று. எங்கள் ஊரில் கல்யாணப் பத்திரிகை முதல் கல்லூரி மலர் வரை இன்னும் "பாமினியில் கொண்டு வா தம்பி" கதைதான்.

கேட்டால் சாக்கு ரெடி.

"கை பழகிடுச்சு." அண்ணே, விசைப்பலகை வேறு, குறியேற்றம் வேறு. என்எச்எம் ரைட்டரில் பாமினி முறையிலேயே அடிக்கலாம், விழுவது யூனிகோடு.

"பேஜ்மேக்கரில் வராதே." வராதுதான். ஆனால் இன்டிசைனில் 2012-இல் வந்த சிஎஸ்6 முதலே தமிழ் வருகிறது.

"யூனிகோடில் அழகே இல்லை." லதாவை மட்டும் பார்த்துவிட்டுச் சொல்லாதீர்கள். நோட்டோ செரிஃப், முக்த மலர், கேட்டமரன், மீரா இனிமை எல்லாம் இலவசம்.

"காசு போட்டு வாங்கின எழுத்துரு வீணாயிடுமே." பி.காம். படிப்பவனிடமா இது? போன காசு போனதுதான். அதற்காக வருகிற வேலையையும் பாழாக்குவது எந்தக் கணக்கு?

நான் ஒவ்வொரு எழுத்துருமாற்றியாகப் போட்டுப் பார்த்து முக்கால்வாசி மீட்டுவிட்டேன். மீதியை அப்பா யூகித்துச் சொல்லச் சொல்ல அடிக்கிறேன். தறிச் சொல் ஒன்று மட்டும் அவருக்கே புரியவில்லை. அது தாத்தாவோடு போயிற்று என்றுதான் நினைக்கிறேன்.

உங்கள் வீட்டிலும் ஒரு சிடி இருக்கும் மக்களே. கேட்டுச் சொல்ல ஆள் இருக்கும்போதே திறந்து பாருங்கள்.