கதை வேண்டும், எழுதியவர் வேண்டாம்

நல்ல நூல்கள் நல்ல மனிதரை உருவாக்கும் என்று மேடைதோறும் முழங்குகிறோம். எல்சே ஊரி என்ற பெண்மணியின் வாழ்வை அறிந்தபின் அதை அவ்வளவு எளிதாகச் சொல்ல நமக்கு நா எழவில்லை.

1877-இல் பெர்லின் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். 1913 முதல் 1925 வரை பத்துப் பகுதிகளாக வெளிவந்த அவருடைய 'நெஸ்ட்ஹேக்ஷன்' கதைகள் ஜெர்மானியச் சிறுமியரின் உள்ளங்களைக் கொள்ளைகொண்டன. 'கடைக்குட்டி' என்பது அச்சொல்லின் பொருள். மருத்துவர் ஒருவரின் கடைசி மகள் அன்னமேரி, பொம்மையோடு விளையாடும் பருவம் தொடங்கி நரைகூடிய பாட்டியாகும்வரை அக்கதைகளில் வாழ்கிறாள். அவள் இல்லத்தில் கிறிஸ்து பிறப்பு விழா மகிழ்வுடன் கொண்டாடப்படுகிறது. யூதப் பெண்ணொருவர் கிறிஸ்தவக் குழந்தைகளின் மகிழ்ச்சியைத் தமதாக்கி எழுதினார். ஜெர்மனியைத் தம் தாய்நாடென்றே நம்பினார். முதல் உலகப் போரைக் கூறும் பகுதியில் அந்நாட்டுப்பற்று பொங்கி வழிகிறது.

அந்த அன்புக்குக் கிடைத்த கைம்மாறு என்ன? 1935-இல் நாஜி அரசின் எழுத்தாளர் மன்றத்திலிருந்து நீக்கப்பட்டு, நூல் வெளியிடும் உரிமையை இழந்தார். 'சாரா' என்ற பெயரைத் தம் பெயரோடு இணைத்துக்கொள்ளுமாறு சட்டம் அவரைக் கட்டாயப்படுத்தியது. முதிர்ந்த தாயைப் பேணும் கடமையால் அவர் நாட்டைவிட்டு வெளியேறவில்லை. 1940-இல் தாய் இறந்தார். 1943 சனவரி 12 அன்று பெர்லினிலிருந்து ரயிலேற்றப்பட்டவர், மறுநாளே ஆஷ்விட்சில் கொல்லப்பட்டார். அப்போது அவருக்கு வயது 65.

"படித்தவர்கள் சிறுமியர்தாமே, அவர்கள் என்ன செய்திருக்க முடியும்?" என்று சிலர் கேட்கலாம். 1913-இல் பத்து வயதில் அக்கதையைப் படித்தவளுக்கு 1943-இல் வயது நாற்பது. அவள் தாயாக, ஆசிரியையாக, அதிகாரியின் மனைவியாக, அண்டை வீட்டாராக வளர்ந்து நின்றாள். "எங்களுக்குத் தெரியாது" என்பது அடுத்த சாக்கு. நச்சுவாயு அறை பலருக்குத் தெரியாதிருக்கலாம். 1941 முதல் யூதரின் மேலாடையில் தைக்கப்பட்ட மஞ்சள் நட்சத்திரமும் தெரியாதோ? தெருவில் எதிரே வந்தவரின் மார்பில் அன்றோ அது இருந்தது!

போருக்குப் பின் நடந்தது இன்னும் கொடிது. போரைப் பாடிய பகுதியை மட்டும் விலக்கிவிட்டு ஏனைய நூல்களை மீண்டும் அச்சிட்டார்கள். 1983-இல் கிறிஸ்து பிறப்பு நாட்களில் தொலைக்காட்சித் தொடராகவும் கண்டு மகிழ்ந்தார்கள். ஆசிரியரின் முடிவு பல்லாண்டுகள் பெரும்பாலான வாசகர்க்கு எட்டவே இல்லை. கதை தேவைப்பட்டது, எழுதியவரைப் பற்றிய கேள்வி எவருக்கும் தேவைப்படவில்லை. அவர் பெயர் தீட்டப்பட்ட பயணப்பெட்டி ஆஷ்விட்சில் இருக்கிறது. நூலின் அட்டையில் அப்பெயரைக் கண்டு மகிழ்ந்த நாடு, பெட்டியின்மேல் அதைக் காண விரும்பவில்லை.

இலக்கியத்தை நாம் பழிக்கவில்லை. அதற்கு இல்லாத ஆற்றலை ஏற்றிப் பேசுவதையே மறுக்கிறோம். கதைமாந்தருக்காகச் சிந்தும் கண்ணீர் நம்மிடம் எதையும் கேட்பதில்லை. அண்டை வீட்டாரின் துயரமோ நம் வேலையை, பெயரை, உயிரைக்கூடக் கேட்கும். ஞாயிறுதோறும் கோவில் சென்ற கோடிக்கணக்கானோர் வாழ்ந்த நாடு அது. காயின் இறைவனிடம் திருப்பிக் கேட்ட கேள்வி அவர்களுக்கும் தெரியும், நமக்கும் தெரியும். நல்ல சமாரியர் வழிப்போக்கனின் துன்பக் கதையைக் கேட்டு உருகியதோடு நிற்கவில்லை. அருகில் சென்று காயங்களைக் கட்டினார். புத்தகத்தை மூடிவிட்டு நாம் எழுந்து செல்லவேண்டிய இடம் அதுவே.