வேண்டாத கொசுறு

காய்கறிக் கடையில் கொசுறு என்று ஒன்று கொடுப்பார்கள். அரைக் கிலோ தக்காளியும் கால் கிலோ கத்தரிக்காயும் வாங்கினால் மேலே ஒரு கொத்துக் கறிவேப்பிலையை வைப்பார் கடைக்காரர். "வீட்டில் இருக்கிறது, வேண்டாம்" என்றால் எடுத்து வைத்துவிடுவார். வேண்டாம் என்று சொன்ன பிறகும் நம் பின்னாலேயே வந்து, சமையலறைக்குள் புகுந்து, அடுப்பு மேடை முழுவதும் கறிவேப்பிலையைப் பரப்பிவிட்டுப் போகிற கடைக்காரரை இதுவரை நான் கண்டதில்லை. கண்டால் அவரைக் கடைக்காரர் என்று சொல்லமாட்டேன். வேறு பெயர் சொல்வேன்.

கம்ப்யூட்டர் வியாபாரத்தில் அந்த மனிதருக்கு மரியாதையான பெயர்கள் இருக்கின்றன.

நாற்பதாயிரம், ஐம்பதாயிரம் ரூபாய் எண்ணிக் கொடுத்து ஒரு லாப்டாப் வாங்குகிறோம். பெட்டியைப் பிரித்து, பொத்தானை அழுத்தி, பெயரும் கடவுச்சொல்லும் கொடுத்து உள்ளே நுழைந்தால், நமக்கு முன்பே அங்கே ஒரு கூட்டம் பாய் விரித்துப் படுத்திருக்கிறது. சில வாரம் சும்மா காவல் காத்துவிட்டு, கெடு முடிந்ததும் 'ஆபத்து, ஆபத்து' என்று கூவிப் பணம் கேட்கிற வைரஸ் தடுப்பு ஒன்று. மிட்டாய்களை வரிசை சேர்க்கிற விளையாட்டு ஒன்று. மாதச் சந்தா கட்டினால் படம் காட்டுகிற கொட்டகை ஒன்று. தயாரித்த கம்பெனியே எழுதிச் சேர்த்த 'உதவியாளர்கள்' மூன்று நான்கு பேர். இவர்களில் யாரையும் நாம் அழைக்கவில்லை.

இது எப்படி நேர்கிறது என்பதில் ரகசியம் ஒன்றும் இல்லை. லாப்டாப் செய்து விற்பதில் லாபம் சொற்பம், போட்டியோ கடுமை. ஆகவே, "எங்கள் சரக்கையும் உள்ளே வைத்து அனுப்புங்கள், இவ்வளவு தருகிறோம்" என்று மற்றக் கம்பெனிகள் வந்தால் தயாரிப்பாளர் வாங்கிக்கொள்கிறார். நம்மிடம் கம்ப்யூட்டரை விற்கிறார். அவர்களிடம் நம்மை விற்கிறார். முதல் விற்பனைக்கு நமக்கு ரசீது உண்டு. இரண்டாவது விற்பனையின் ரசீதை நாம் பார்த்ததே இல்லை.

"அதனால்தானே ஐயா உங்களுக்கு விலை குறைகிறது?" என்று கேட்பவர்கள் உண்டு. குறையட்டும். எவ்வளவு குறைந்தது என்று பெட்டியின் மேல் அச்சிடட்டும். இந்தச் சரக்கெல்லாம் இல்லாத யந்திரம் இன்ன விலை, இருக்கிற யந்திரம் இன்ன விலை என்று இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கட்டும், நாம் யோசித்துக்கொள்கிறோம். ஒரு தடவை ஒரு கம்பெனி ஏறக்குறைய அப்படிச் செய்தது. 2008 மார்ச்சில் சோனி, தன் வயோ லாப்டாப்புகள் சிலவற்றில், வேண்டாத ஆப்களை நீக்கித் தருவதற்கு 50 டாலர் என்று விலை போட்டது. குப்பை கொட்டியவரே குப்பை அள்ளக் கூலி கேட்டால் ஊர் சும்மா இருக்குமா? கூச்சல் எழுந்தது, உடனே கட்டணத்தை வாபஸ் வாங்கிக்கொண்டார்கள். மற்றக் கம்பெனிகள் அதைக் கண்டு ஒரு பாடம் கற்றுக்கொண்டன. விலையைச் சொல்லாமல் இருப்பதே உத்தமம் என்பதுதான் அந்தப் பாடம்.

நான் விளையாட்டே கூடாது என்று சொல்ல வந்த சந்நியாசி அல்ல. 1990-இல் வெளியான விண்டோஸ் 3.0-இல் சாலிடேர் என்ற சீட்டாட்டம் இருந்தது. வெஸ் செர்ரி என்ற பயிற்சி மாணவர் எழுதியது; அதற்காக அவருக்குத் தனியாகப் பணம் எதுவும் கொடுக்கவில்லை. சீட்டுகளின் சித்திரங்களை வரைந்தவர் சூசன் கேர். மௌஸ் என்பதையே பார்த்திராத லட்சக்கணக்கான கைகள் அந்தச் சீட்டுகளை இழுத்து வைத்துத்தான் பழகின. நம் ஊர் ஆபீஸ்களில் மத்தியான வேளைகளை அது எவ்வளவு விழுங்கிற்று என்பது வேறு கதை. அது நிஜமான கொசுறு. அது நம்மிடம் எதையும் கேட்கவில்லை, விளம்பரம் காட்டவில்லை, நாம் யார் என்று விசாரிக்கவில்லை. 2012-இல் விண்டோஸ் 8 வந்தபோது அந்தப் பழைய சீட்டுக்கட்டு போய்விட்டது. அதே பெயரில் இன்று இருப்பது ஆட்டத்துக்கு ஆட்டம் விளம்பரம் காட்டுகிறது. விளம்பரம் வேண்டாம் என்றால் சந்தா கட்ட வேண்டும். பெயர் ஒன்றுதான், குணம் வேறாகிவிட்டது.

2015-இல் விண்டோஸ் 10 வந்தபோது கேண்டி கிரஷ் என்ற மிட்டாய் விளையாட்டும் கூடவே வந்தது. அன்று அது வேறொரு கம்பெனியின் சொத்து. அந்தக் கம்பெனியை வாங்கிய பெரிய கம்பெனியை 2023-இல் மைக்ரோசாஃப்டே வாங்கிவிட்டது. ஆகவே இப்போது விருந்தாளி வீட்டு மாப்பிள்ளையாகிவிட்டார். அந்த மிட்டாயை நீக்குவது கஷ்டமில்லை. படத்தின் மேல் வலது பொத்தானை அழுத்தி, 'அன்இன்ஸ்டால்' என்பதைத் தொட்டால் போதும். ஆனால் அதே கம்ப்யூட்டரில் பையனுக்கோ மனைவிக்கோ தனியாக ஒரு கணக்குத் திறந்தால், அங்கே அது மறுபடியும் உட்கார்ந்திருக்கும். பெரிய அப்டேட் ஒன்று வந்து போனபின், போனதெல்லாம் திரும்பி வந்திருக்கிறது என்று விண்டோஸ் 10 காலத்தில் புகார் சொன்னவர்கள் அநேகர். வாசல் வழியே அனுப்பினால் கொல்லை வழியே வருவதை நம் ஊரில் வருகை என்று சொல்வதில்லை.

இப்படித் தானாக ஆப்களைக் கொண்டுவந்து சேர்க்கிற ஏற்பாட்டுக்கு மைக்ரோசாஃப்ட் வைத்த பெயர் 'நுகர்வோர் அனுபவம்'. கதை எழுதுகிறவனுக்கு அனுபவம் என்ற வார்த்தையின் மேல் கொஞ்சம் பாசம் உண்டு. அதை இந்தக் காரியத்துக்குப் பிடித்து இழுத்ததற்காகவே நான் கோபித்துக்கொள்ளலாம். அந்த அனுபவம் வேண்டாம் என்று நிறுத்தி வைக்க ஒரு விசையும் இருந்தது. 2016-இல் வந்த அப்டேட்டுக்குப் பிறகு அந்த விசை, பெரிய ஸ்தாபனங்களுக்கும் கல்விக்கூடங்களுக்கும் விற்கிற ரகங்களில் மட்டுமே வேலை செய்தது. கூடுதல் விலை கொடுத்து 'புரோ' ரகம் வாங்கிய தனி மனிதனுக்குக்கூட அது செல்லாமல் போயிற்று. விசை கெட்டுப்போகவில்லை, யார் கையில் கொடுப்பது என்பதில்தான் மனசு மாறிவிட்டது. 2024-இல் விண்டோஸ் 11-இன் ஸ்டார்ட் மெனுவிலேயே, 'பரிந்துரை' என்ற தலைப்பின் கீழ், நாம் வைத்திராத ஆப்களின் விளம்பரமும் வரத் தொடங்கிற்று. பரிந்துரை செய்தவர் யார்? நம்மை அறிந்தவரா? நமக்கு வேண்டியவரா?

"இதெல்லாம் ஒரு விஷயமா? பார்க்காமல் விட்டுவிட்டால் போகிறது" என்பவர்கள் பெரும்பாலும் நல்ல விலையுள்ள யந்திரம் வைத்திருப்பவர்கள். 4 ஜிபி நினைவகமும் 64 ஜிபி சேமிப்பும் உள்ள மலிவு லாப்டாப்பை எடுத்துக்கொள்ளுங்கள். விண்டோஸ் 11 ஓடுவதற்குக் குறைந்தபட்சம் வேண்டும் என்று சொல்லப்படுகிற அளவே அதுதான். அந்த 64-இல் விண்டோஸுக்கே 20-க்கு மேல் போய்விடும். மிச்சத்தில் படிக்கிற பெண்ணின் பாடங்கள், படங்கள், அப்டேட் வந்தால் அதற்கு வேண்டிய இடம், எல்லாம் அடங்க வேண்டும். அந்த இடத்தில்தான் இவர்களும் வந்து படுக்கிறார்கள். பின்னாலிருந்து தங்களைப் புதுப்பித்துக்கொண்டு, அவள் கைபேசியிலிருந்து கடன் வாங்கிய இன்டர்நெட்டையும் குடிக்கிறார்கள். 'லாப்டாப் ஸ்லோவாக இருக்கிறது' என்று கடைக்குக் கொண்டுபோனால் அங்கே ஐந்நூறு ரூபாய். அந்த வைரஸ் தடுப்பின் மிரட்டலையும் முதலில் நம்புகிறவர், பென்ஷனில் கட்டணம் கட்டிப் பழகிய பெரியவர்தான். 2012 முதல் விண்டோஸிலேயே டிஃபெண்டர் என்ற காவல் இருக்கிறது, வெளியாள் போனால் அது தானே எழுந்து நிற்கும் என்று அந்த மிரட்டலில் ஒரு வரி இருக்காது.

இடம் அடைப்பது ஒன்றுதான் குற்றம் என்று நினைத்தால் அதுவும் தவறு. 2014-இன் பிற்பகுதியில் லெனோவோ விற்ற லாப்டாப்புகள் பலவற்றில் சூப்பர்ஃபிஷ் என்ற கம்பெனியின் விளம்பர ஆப் ஒன்று உள்ளே இருந்தது. நாம் பார்க்கிற பக்கங்களில் விளம்பரம் நுழைப்பது அதன் வேலை. அதற்காக அது, பாங்குப் பக்கம் உள்பட, பூட்டுப் போட்ட பக்கங்களையும் நடுவில் நின்று திறந்து பார்க்க ஏற்பாடு செய்துகொண்டது. அந்த யந்திரங்கள் அனைத்திலும் ஒரே சாவி. 2015 பிப்ரவரியில் விஷயம் அம்பலமான சில மணி நேரத்துக்குள் ஒரு நிபுணர் அந்தச் சாவியின் ரகசியச் சொல்லைக் கண்டுபிடித்துவிட்டார். இதில் நான் வாசகர்கள் கவனிக்க வேண்டும் என்று விரும்புவது வேறொன்று. ஆப்பை முறைப்படி அன்இன்ஸ்டால் செய்தவர்களின் கம்ப்யூட்டரிலும் அந்தச் சான்றிதழ் அப்படியே கிடந்தது. திருடனை வெளியே அனுப்பியாயிற்று. கள்ளச்சாவி உள்ளேயே இருக்கிறது. அதை எடுப்பதற்குக் கம்பெனி தனியாக ஒரு கருவி வெளியிட வேண்டியிருந்தது. 2017-இல் அமெரிக்காவில் 32 மாநிலங்களுக்கு 35 லட்சம் டாலர் கொடுத்து வழக்கை முடித்துக்கொண்டார்கள்.

சுத்தம் செய்கிறோம் என்று வருகிறவர்களையும் கண்ணை மூடிக்கொண்டு நம்புவதற்கில்லை. 2017-இல் சிசிகிளீனர் என்ற பிரசித்தமான துடைப்பத்துக்குள்ளேயே விஷமிகள் விஷத்தை வைத்துவிட்டார்கள். ஏறத்தாழ 22 லட்சம் கம்ப்யூட்டர்களில் அது இறங்கிற்று. ஆகையால் செட்டிங்ஸுக்குப் போய், ஆப்ஸ் என்ற பகுதியில், இன்ஸ்டால் ஆனவற்றின் பட்டியலைத் திறந்து, தெரிந்த பெயர்களை மட்டும் ஒன்று ஒன்றாக நீக்குவதே புத்திசாலித்தனம். டிரைவர் என்றோ, விஷுவல் சி++ என்றோ இருப்பவற்றைத் தொட வேண்டாம். அவை மற்றவற்றைத் தாங்குகிற தூண்கள். சில வைரஸ் தடுப்புகள் இந்த வழியில் முழுசாகப் போகாது. அவற்றை விற்றவர்களே தனி நீக்கும் கருவி வைத்திருக்கிறார்கள். ஒரு மத்தியானம் செலவாகும். புது வீட்டுக்குக் குடிபோன அன்றே இந்த வேலை நமக்கு எதற்கு என்பதுதான் என் கேள்வி.

அந்தப் பட்டியலில் சில பெயர்களுக்கு எதிரே அன்இன்ஸ்டால் என்ற எழுத்து மங்கிக் கிடக்கும், தொட்டால் அசையாது. இதற்குச் சமாதானம் சொல்கிறவர்கள், "அது விண்டோஸின் அங்கம், எடுத்தால் உடம்பு கெட்டுவிடும்" என்கிறார்கள். இந்தச் சமாதானம் பழசு. 1997-இல் வாஷிங்டனில் நீதிபதி தாமஸ் பென்ஃபீல்ட் ஜாக்சன் முன்னால் மைக்ரோசாஃப்ட் இதையே சொன்னது: இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரை எடுத்தால் விண்டோஸ் வேலை செய்யாது என்று. நீதிபதி ஆளை வைத்து எடுக்கச் சொன்னார். 90 வினாடிகூட ஆகவில்லை. விண்டோஸ் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. 2001-இல் அமெரிக்க அப்பீல் கோர்ட்டு, கம்பெனியை இரண்டாகப் பிளக்க வேண்டும் என்ற கீழ்க்கோர்ட்டு உத்தரவை ரத்து செய்தது உண்மை. ஆனால், நீக்கும் பட்டியலிலிருந்து எக்ஸ்ப்ளோரரின் பெயரை எடுத்துவிட்டது சட்ட விரோதம் என்று அதே கோர்ட்டுச் சொல்லிற்று.

அதன் பிறகும் புத்தி வந்ததா? எக்ஸ்ப்ளோரரின் இடத்துக்கு வந்த எட்ஜ், விண்டோஸ் 11-இல் அதே கம்பீரத்துடன் அசையாமல் உட்கார்ந்தது. 2024 மார்ச்சில் ஐரோப்பிய யூனியனின் டிஜிட்டல் சந்தைச் சட்டம் இந்தப் பெரிய கம்பெனிகளின் மேல் பாய்ந்தது. உடனே எட்ஜ் எழுந்துவிட்டது! யூனியனின் 27 நாடுகள், அவற்றோடு நார்வே, ஐஸ்லாந்து, லிக்டன்ஸ்டைன் - இந்த முப்பது நாட்டுக்காரர்கள் மற்ற ஆப்களைப் போல அதையும் நீக்கிக்கொள்ளலாம். விண்டோஸை முதலில் அமைக்கும்போது எந்த நாடு என்று தேர்ந்தெடுத்தார்களோ அதைப் பார்த்து யந்திரம் தீர்மானிக்கிறது. பாரிஸில் வாங்கிய லாப்டாப்பிலிருந்து அதை எடுத்தால் விண்டோஸ் செத்துவிடவில்லை. பாளையங்கோட்டையில் எடுத்தால் மட்டும் செத்துவிடுமா? இரண்டும் ஒரே விண்டோஸ்தானே? அங்கே இருப்பது சட்டம். இங்கே இல்லாதது சட்டம். அங்கம், உடம்பு என்ற பேச்செல்லாம் வெறும் பேச்சு.

இன்னொரு வேடிக்கை. 2025 மார்ச்சில் வந்த ஓர் அப்டேட், கோபைலட் என்ற செயற்கை அறிவு ஆப்பைச் சிலருடைய கம்ப்யூட்டர்களிலிருந்து தானாக நீக்கிவிட்டது. நமக்கு வேண்டாதது வந்து சேர்ந்தால் அதற்குப் பெயர் அனுபவம். தங்களுக்கு வேண்டியது தவறிப் போனால் அதற்குப் பெயர் கோளாறு. கோளாறு என்று ஒப்புக்கொண்டு பின்னர் சரி செய்தார்கள்.

நம் தேசத்தில் என்ன நடந்தது? 2022 அக்டோபரில் இந்தியப் போட்டி ஆணையம் கூகிளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. கைபேசியில் முன்கூட்டியே வைத்து அனுப்புகிற தன் ஆப்களை உபயோகிப்பவர் நீக்குவதைக் கூகிள் தடுக்கக் கூடாது என்றும் கட்டளையிட்டது. நல்ல கட்டளை. ஐந்து மாதம் ஆயுள். 2023 மார்ச்சில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதி செய்தது. இந்தக் கட்டளையை ரத்து செய்தது. வழக்கு அங்கிருந்து சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. "நீக்க முடியாவிட்டால் என்ன, முடக்கி வைக்கலாமே" என்பது கம்பெனிகளின் வாதம். என் வீட்டு அறை ஒன்றில் யாரோ ஒருவரைப் பூட்டி வைத்துக்கொண்டு, அவர் சத்தம் போடமாட்டார் என்று நான் திருப்திப்பட வேண்டுமாம். அறை யாருடையது என்ற பேச்சையே காணோம்.

அதுவும் கைபேசியைப் பற்றிய வழக்கு. மேஜை மேல் இருக்கிற கம்ப்யூட்டரைப் பற்றியது அல்ல. பாத்தியதை என்ற வார்த்தைக்கு நம் சட்டங்களில் அர்த்தம் இருக்குமானால், கேட்க வேண்டியவை அதிகமில்லை. உள்ளே என்னென்ன வைத்திருக்கிறார்கள் என்ற பட்டியல் பெட்டியின் மேல் இருக்க வேண்டும். முதல் தடவை கம்ப்யூட்டரை இயக்கும்போது ஒவ்வொன்றையும் காட்டி வேண்டுமா என்று கேட்க வேண்டும். பதில் சொல்லாமல் விட்டால் வேண்டாம் என்றே அர்த்தம் பண்ணிக்கொள்ள வேண்டும். நீக்கியது எந்த அப்டேட்டின் முதுகிலும் ஏறித் திரும்பி வரக் கூடாது. பாரிஸ்காரருக்குக் கொடுத்த அன்இன்ஸ்டால் பொத்தானை நமக்கும் கொடுக்க வேண்டும். புதிதாக ஒன்றும் செய்ய வேண்டியதில்லை, செய்து வைத்ததைத் திறந்துவிட்டால் போதும். இதைச் சர்க்கார் செய்கிற வரையில், லாப்டாப் வாங்கப் போகிற வாசகர்கள் கடையில் ஒரு கேள்வி கேட்டுப் பார்க்கலாம்: "இதில் எவற்றையெல்லாம் என்னால் நீக்க முடியாது?" விற்கிற பையனுக்குப் பதில் தெரியாது, பாவம், அவனைக் கோபிக்க வேண்டாம். மேலே இருக்கிறவர்களிடம் கேட்டுச் சொல்லச் சொல்லுங்கள். சொன்ன பிறகு பணத்தை எண்ணுங்கள்.