கீழ்வீட்டு மோட்டார்

பிரம்மச்சாரியாக மாடி ரூமில் இருந்த காலத்தில், மோட்டார் ஸ்விட்ச் கீழே வீட்டுக்காரர் வசம். வாடகை இரண்டு நாள் லேட்டானால், சரியாக முகத்துக்கு சோப்பு போட்டிருக்கும்போது குழாய் நின்றுவிடும். 'மோட்டார் ரிப்பேர் தம்பி' என்பார், பல் குத்திக்கொண்டே. கண் எரிச்சலோடு வாதம் பண்ண முடியாது.

இதே நிலைமை ஒரு தேசத்துக்கு வந்தால்?

1965 ஆகஸ்ட் 9. இரண்டு வருஷம்கூட ஆகாத கூட்டுக்குடித்தனம் ஒத்துவராமல், மலேசியாவிலிருந்து பிரிந்து சிங்கப்பூர் தனி நாடானது. பிரதமர் லீ குவான் யூ டி.வி.யில் அழுதேவிட்டார். அழமாட்டாரா பின்னே? சுமார் 19 லட்சம் ஜனங்கள். குடிதண்ணீரில் பெரும்பகுதி மலேசியாவின் ஜோகூரிலிருந்து பைப்பில் வரவேண்டும். ஸ்விட்ச் அந்தப் பக்கம்.

சண்டைக்குப் போகவில்லை. 1961, 1962 தண்ணீர் ஒப்பந்தங்களுக்கு மலேசியா உத்தரவாதம் என்று பிரிவினை ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கி, அதை ஐ.நா.விலும் பதிவு செய்தார்கள். தெருவையே சாட்சிக்கு வைத்த மாதிரி. (அடுத்த மாதமே ஐ.நா.வில் உறுப்பினர். அப்போதைய வெளியுறவு மந்திரி ராஜரத்தினம், யாழ்ப்பாணத்தில் பிறந்த தமிழர்.) 1967-ல் இளைஞர்களுக்குக் கட்டாய ராணுவ சேவை. பயிற்சி கொடுக்க வந்த இஸ்ரேல்காரர்களை, அக்கம்பக்கம் முகம் சுளிக்கக்கூடாதென்று 'மெக்ஸிகர்கள்' என்று சொல்லிச் சமாளித்தார்கள்!

அப்புறம்தான் நிஜமான வேலை. நீர்த்தேக்கங்கள் கட்டினார்கள். கடல்நீரைக் குடிநீராக்கினார்கள். 2008-ல் நகரத்தின் நடுவிலேயே மரீனா அணை. சாக்கடைத் தண்ணீரையும் விடவில்லை. சுத்தம் செய்து, 'நியூவாட்டர்' என்று பாட்டிலில் அடைத்து, 2002 தேசிய தின விழாவில் ஆயிரக்கணக்கானவர்கள் உயர்த்திப் பிடித்துக் குடித்தார்கள். தேசபக்திக்கு இதைவிடக் கடினமான பரீட்சை எனக்குத் தெரிந்து இல்லை.

2011-ல் முதல் ஒப்பந்தம் முடிந்தது. சிங்கப்பூர் சத்தம் போடாமல் அங்கிருந்த நீர் நிலையங்களை ஜோகூரிடம் ஒப்படைத்தது. இரண்டாவது ஒப்பந்தம் 2061 வரை. அதில் தண்ணீர் வாங்குகிறார்கள். விலை பற்றி அவ்வப்போது வாய்ச்சண்டையும் உண்டு. ஆனால், தொண்டை முன்போல் அடுத்தவர் கையில் இல்லை.

நானும் ஒரு நாள் பெரிய பிளாஸ்டிக் டிரம் ஒன்று வாங்கி, வீட்டுக்காரர் கண்ணெதிரிலேயே மாடிக்குத் தூக்கிப் போய் நிரப்பி வைத்தேன். அவருக்கு வைக்கும் வணக்கத்தை மட்டும் குறைக்கவில்லை.

என்ன ஆச்சரியம், அதற்கப்புறம் மோட்டார் ரிப்பேரே ஆகவில்லை.