காதலிக்கக் கற்றுத்தரும் வீடியோ கோர்ஸ்: காசு கட்டலாமா?

ராத்திரி பதினோரு மணிக்கு மேல் ரீல்ஸ் தள்ளிக்கொண்டிருந்தால் எப்படியும் ஒருவர் வந்துவிடுவார். காருக்குள் உட்கார்ந்துகொண்டு, ‘பொண்ணுங்க உங்களுக்கு ரிப்ளை பண்ணாததுக்கு மூணே காரணம்தான்’ என்பார். கீழே லிங்க். அதைத் தொட்டால் டேட்டிங் வீடியோ கோர்ஸ். 14,999 ரூபாயை அடித்துவிட்டு 1,999 என்று போட்டிருக்கும். மேலே கடிகாரம் ஓடும்: ‘இன்னும் 9 நிமிடம் மட்டுமே!’

பேஜை ஒரு தடவை ரெஃப்ரெஷ் செய்து பாருங்கள். அந்த 9 நிமிடம் மறுபடி முதலிலிருந்து ஓடினால், அது போலி அவசரம். மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பரில் வெளியிட்ட ‘டார்க் பேட்டர்ன்’ வழிகாட்டுதல்களில் 13 ஏமாற்று உத்திகள் பட்டியலிடப்பட்டுள்ளன. முதலில் இருப்பதே இதுதான்.

இதை வாங்குபவர்களைக் கிண்டல் செய்வது சுலபம். எனக்கு அப்படிச் சிரிப்பு வரவில்லை. பிளஸ் டூ வரை ஆண்கள் பள்ளி. அப்புறம் காலேஜ் பஸ்ஸில்கூட பையன்களுக்குத் தனி வரிசை, பெண்களுக்குத் தனி வரிசை. நோட்ஸ் கேட்டு நின்றாலே ஹெச்.ஓ.டி. அறைக்கு அழைப்பு. இப்படி வளர்ந்தவன் ஓ.எம்.ஆரில் வேலைக்குச் சேர்ந்த மறுநாளே பக்கத்து சீட் பெண்ணோடு இயல்பாகப் பேசிவிட வேண்டும் என்று எதிர்பார்க்கிறோம். பெண்களுக்கும் கிட்டத்தட்ட இதே கதைதான். கூடவே ‘யாரையும் நம்பாதே’ என்ற பயம் வேறு. வீட்டிலும் சொல்லித்தராத, ஸ்கூலிலும் சொல்லித்தராத ஒன்றைக் காசு கொடுத்தாவது கற்றுக்கொள்ள நினைப்பதில் என்ன தப்பு?

சிக்கல் சரக்கில் இருக்கிறது. பல கோர்ஸ்கள் விற்பது ‘மடக்கும்’ டெக்னிக். உடனே ரிப்ளை பண்ணாதே, லேசாக மட்டம் தட்டிப் பேசு, பொறாமைப்பட வை. இந்தச் சரக்கு அமெரிக்காவிலிருந்து வந்தது. நீல் ஸ்ட்ராஸ் என்ற பத்திரிகையாளர் 2005-ல் எழுதிய ‘தி கேம்’ புத்தகம்தான் இதை உலகம் முழுக்கப் பரப்பியது. பத்து வருஷம் கழித்து, 2015-ல், அதே ஸ்ட்ராஸ் ‘தி ட்ரூத்’ என்று இன்னொன்று எழுதினார். காதலிக்குத் துரோகம் செய்து, பிறகு சிகிச்சைக்குப் போய்ச் சேர்ந்த கதை அது. மடக்கத் தெரிந்தவருக்குக் கூட இருக்கத் தெரியவில்லை. இந்த இரண்டாவது புத்தகத்தைப் பற்றி எந்த ரீலிலும் நான் கேட்டதில்லை!

அப்படியானால் சொல்லித்தரக்கூடியது எதுவுமே இல்லையா? இருக்கிறது. அமெரிக்க உளவியலாளர் ஜான் காட்மன் புதுமணத் தம்பதிகளைக் கவனித்துவிட்டு, ஆறு ஆண்டுகள் கழித்து மறுபடி தேடிப்போய்ப் பார்த்தார். அவர் கவனித்தது ரொம்பச் சின்ன விஷயம். ‘மழை வரும்போல இருக்குல்ல?’ என்று ஒருவர் சொல்கிறார். மற்றவர் போனிலிருந்து தலையைத் தூக்கி ஜன்னலைப் பார்க்கிறாரா, இல்லையா? சேர்ந்தே இருந்த தம்பதிகள் இப்படிப்பட்ட அழைப்புகளில் 86 சதவீதத்துக்கு முகம் கொடுத்திருந்தார்கள். பிரிந்துபோனவர்கள் 33 சதவீதத்துக்கு மட்டும். இது பழகினால் வருகிற விஷயம். ஒழுங்கான கோர்ஸ் என்றால் இதைத்தான் பழக்க வேண்டும்.

காசு கட்டும் முன் பாடத்தலைப்புகளை முழுசாகப் படியுங்கள். ‘வேண்டாம்’ என்று ஒருவர் சொன்னால் எப்படி விலகுவது என்பதற்கு ஒரு பாடமாவது இருக்கிறதா? இல்லையென்றால் ஜன்னலை மூடிவிடுங்கள், விலை 99 ரூபாய் என்றாலும். நடத்துபவர் உளவியலோ கவுன்சலிங்கோ படித்தவரா என்று பாருங்கள். ஃபாலோயர் எண்ணிக்கை அதற்குச் சான்றிதழ் ஆகாது. யாரிடம் பேசினாலும் கை நடுங்குகிறது, வேர்க்கிறது என்றால் அந்தப் பணத்தை நேரடி கவுன்சலிங்குக்குச் செலவழிக்கலாம்.

ரீஃபண்ட் விதியை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். தருவதாகச் சொல்லிவிட்டு இழுத்தடித்தால், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915.