அடைப்புக்குறிக்கு முன்னால் ஒரு கழித்தல் குறி

7அ − (3அ − 5) என்ற கோவையைச் சுருக்குக. இதில் 'அ' என்பது ஏதோ ஓர் எண்.

பல மாணவர்கள் எழுதும் விடை 4அ − 5. சரியான விடை 4அ + 5. விடைத்தாளில் சிவப்பு மையில் ஒரு சுழி, பக்கத்தில் 'கவனம் தேவை' என்று ஒரு வரி. அதோடு கதை முடிந்துவிடுகிறது.

உண்மையில் இது கவனக்குறைவுதானா? "முன்னால் கழித்தல் இருந்தால் உள்ளே குறி மாறும்" என்று மனப்பாடம் செய்தவனுக்கு, ஏன் மாறுகிறது என்று யாரும் சொல்வதில்லை. காரணம் தெரியாத விதிதான் பரீட்சை அவசரத்தில் முதலில் மறந்துபோகும்.

காரணம் மளிகைக் கடையிலேயே இருக்கிறது. கையில் 100 ரூபாய். பொருளின் விலை 30, தள்ளுபடி 5. மீதி 100 − (30 − 5), அதாவது 75 ரூபாய். குறியை மாற்றாமல் 100 − 30 − 5 என்று போட்டால் 65தான் வரும். தள்ளுபடி தருவதாகச் சொன்ன கடைக்காரர் கூடுதலாக 5 ரூபாய் பிடுங்கிக்கொண்ட மாதிரி! கி.பி. 628-லேயே பிரம்மகுப்தர் எதிர் எண்ணைக் கடன் என்றும் நேர் எண்ணைச் செல்வம் என்றும் சொல்லி, பூஜ்ஜியத்திலிருந்து கடனைக் கழித்தால் செல்வம் என்று விதி வகுத்தார். கடன் நீங்கினால் லாபம் என்பது எந்தக் குழந்தைக்கும் புரியும்.

அடுத்தது ஒத்த உறுப்புகள். "ஆப்பிளையும் ஆரஞ்சையும் கூட்ட முடியாது" என்று ஒரு பழக்கதை சொல்வார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் 'அ' என்பது பழம் அல்ல, எண். நாளைக்கு அ² வந்து நின்றால் ஆப்பிளை ஆப்பிளால் பெருக்குவது எப்படி?

பங்கீட்டுப் பண்பு ஒன்றே போதும். 2(அ + 4) = 2அ + 8 என்று முன்னோக்கிப் போனால் அடைப்புக்குறி நீங்குகிறது. 3அ + 2அ = (3 + 2)அ = 5அ என்று பின்னோக்கி வந்தால் ஒத்த உறுப்புகள் சேர்கின்றன. 3அ + 2 ஏன் 5அ ஆகாது? இரண்டாவது உறுப்பில் பொதுவாக வெளியே எடுக்க 'அ' இல்லை, அவ்வளவுதான். அடைப்புக்குறிக்கு முன்னால் நிற்கும் கழித்தல் குறியும் −1 ஆல் பெருக்குவதுதான்.

"மார்க் வாங்க விதி போதாதா, காரணம் சொல்ல நேரம் எங்கே?" என்று கேட்கலாம். மூன்று விதிகளைத் தனித்தனியாக உருப்போட வைப்பதைவிட ஒன்றைப் புரிய வைக்கக் குறைந்த நேரமே ஆகும். அதோடு, விடையைச் சரிபார்க்கும் வழியையும் சொல்லிக் கொடுக்கலாம். அ = 10 என்று போட்டால் 70 − 25 = 45. 4அ + 5 என்பதும் 45. 4அ − 5 என்றால் 35. தப்பு எங்கே என்று மாணவனே கண்டுபிடித்துவிடுவான்.

சமன்பாடு, காரணிப்படுத்தல் என்று பின்னால் வருவதெல்லாம் இந்த அடித்தளத்தின் மேல்தான் நிற்கிறது. இங்கே ஒரு குறி தவறினால் கடைசி வரி வரை தவறும். அப்படித் தவறித் தவறியே "எனக்குக் கணக்கு வராது" என்று ஒதுங்கிப் போனவர்கள் எத்தனை பேர்! அவர்களுக்குக் கணக்கு வராமல் இல்லை. காரணம்தான் வந்து சேரவில்லை.