டொக்டராக முன்னரே வெளிநாட்டுத் தொண்டு: காசு கட்டலாமா?

உயர்தரம் உயிரியல் பிரிவில் எழுதிவிட்டுப் பெறுபேற்றுக்காகக் காத்திருக்கும் பிள்ளைகளின் பெற்றோர் எங்களிடம் கேட்கிறார்கள்: "சேர், நேபாளத்துக்கோ ஆபிரிக்காவுக்கோ இரண்டு கிழமை மருத்துவத் தொண்டுக்கு அனுப்பினால் மகனுக்கு மெடிசின் கிடைக்க உதவுமா?" டிக்கட், தங்குமிடம், கட்டணம் எல்லாம் சேர்த்தால் கட்டாரில் வாப்பா பல மாதம் உழைத்த காசு. அதனால் பூசி மெழுகாமல் சொல்கிறோம், இப்போது வேண்டாம்.

நமது நாட்டு மருத்துவ பீடங்களுக்கு நேர்முகப் பரீட்சை கிடையாது. இசட் புள்ளிதான். அகில இலங்கைத் திறமைக்கு 40 சதவீதம், மாவட்டக் கோட்டாவுக்கு 55, பின்தங்கிய மாவட்டங்களுக்கு 5. இதில் தொண்டுச் சான்றிதழை எங்கே செருகுவது? பிரித்தானியாவுக்கு விண்ணப்பிப்பவர்களிடம் அனுபவம் கேட்பார்கள், உண்மைதான். ஆனால் நோயாளிகளோடும் முதியோரோடும் பழகி என்ன விளங்கிக்கொண்டாய் என்றுதான் அங்கேயும் பார்ப்பார்கள். முதியோர் இல்லத்தில் உதவியதும் அவர்களுக்கு அனுபவம்தான்.

காசை விடுங்கள், நோயாளியை யோசியுங்கள். ஊசி பிடிக்கத் தெரியாத 19 வயதுப் பிள்ளை அங்கே போய் என்ன செய்யும்? ஒன்றில் மூலையில் நின்று படம் எடுக்கும். இல்லாவிட்டால், கேட்க ஆளில்லாத இடமாக இருந்தால், காயம் தைக்கவும் கொடுத்துவிடுவார்கள். இதுதான் எங்களுக்குப் பயம். உள்நாட்டில் செய்ய அனுமதியில்லாததை வெளிநாட்டிலும் செய்யாதீர்கள் என்று அமெரிக்க மருத்துவக் கல்லூரிகளின் சங்கமே மாணவர்களுக்கு வழிகாட்டல் வெளியிட்டிருக்கிறது. ஏழையின் உடம்பு எவருக்கும் பயிற்சிக் கொப்பி இல்லை.

உதவி வாங்கிய பக்கத்திலும் நாம் நின்றிருக்கிறோம். 2004 சுனாமிக்குப் பிறகு நமது கிழக்குக் கரைக்கு வந்த வெளிநாட்டு வைத்தியர்களையும் தாதியரையும் மறக்க மாட்டோம். ஆனால் யாரும் கேட்காத மருந்துகளும், விளங்காத மொழியில் லேபல் ஒட்டி, பெட்டி பெட்டியாக நாட்டுக்குள் வந்தன. அவற்றைத் தரம் பிரிப்பது தனி வேலையாகிப் போனது. நல்ல மனது இருந்தால் மட்டும் போதாது என்பதற்கு வேறு உதாரணம் தேவையில்லை. காஸாவுக்குப் போகும் சத்திரசிகிச்சை நிபுணர்களின் கதை வேறு. அவர்கள் கையில் தொழில் இருக்கிறது.

பிள்ளைக்கு நோயாளியைத் தெரியவேண்டுமா? தமிழ் மட்டும் பேசும் எத்தனையோ மூத்தம்மாமார் ஊரிலிருந்து இரவு பஸ்ஸில் கொழும்புக்கும் கண்டிக்கும் கிளினிக் போகிறார்கள். கூடப் போகட்டும். நம்பர் எடுத்து, கிளினிக் கொப்பியைக் கொடுத்து, டொக்டர் சிங்களத்தில் சொல்வதை ஒரு சொல் விடாமல் அவருக்குத் தமிழில் சொல்லட்டும். எந்தக் குளிசை சாப்பாட்டுக்கு முன், எது பின் என்று உறையில் எழுதிக் கொடுக்கட்டும். சிங்களம் தடுமாறினால் இப்போதே படிக்கட்டும், நாளைக்கு வாட்டில் எப்படியும் தேவைப்படும்.

கிளினிக் திகதி நெருங்கியும் கூடப் போக ஆளில்லாதவர்கள் உங்கள் தெருவில் இருந்தால் எங்களுக்கு அறிவியுங்கள். போக விரும்பும் பிள்ளைகள் பாடசாலையில் உயிரியல் ஆசிரியர்களிடம் பெயர் கொடுக்கலாம். பஸ் காசை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.